மூச்சு விடச் சொன்னவர்

மூட்டை தூக்கப் போகிறவனுக்கு முதலில் சொல்லித் தருவது தம் பிடிக்கத்தான். குனி, தம் பிடி, தூக்கு. இறக்கி வைத்த பிறகு மூச்சு விட்டுக்கொள்ளலாம். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டு வந்த நான் ஒழுங்காகக் கற்ற பாடம் அது ஒன்றுதான். அதை வைத்துக்கொண்டு வண்டன்மேட்டில் ஏலக்காய், கம்பத்தில் திராட்சை, திருப்பூரில் துணிக்கட்டு, மறுபடியும் குமுளியில் ஏலக்காய் என்று இருபது வருடம் ஓட்டியிருந்தேன். ஓர் ஊரில் ஒரு மழைக்காலத்துக்கு மேல் எனக்குக் கால் தரிக்காது.

அப்படிப்பட்டவன் ஒரு இரும்புப் பெட்டியைத் தூக்கி நெஞ்சுக்குக் கொண்டுவரும்போது, முதுகுக்குப் பின்னாலிருந்து ஒரு பெண்குரல், "மூச்சு விடுங்க தம்பி, மூச்சை விடுங்க" என்றால் எப்படி இருக்கும்? பெட்டியை என் கால் மேலேயே போட்டுக்கொள்ளப் பார்த்தேன்.

"மூச்சு விட்டா எப்படிக்கா தூக்குறது?"

"விடாம எப்படித் தம்பி உசுரோட இருக்கது?"

அவரை நான் முதன்முதலில் பார்த்தது அப்படித்தான். தமிழ்நாட்டு பஸ் குமுளியில் எல்லையோடு நின்றுவிடும். சாமான் வைத்திருப்பவர்கள் ஆள் பிடித்துச் சுமக்கவைத்து, செக்போஸ்டைத் தாண்டி நடந்துதான் கேரளத்துக்குள் போக வேண்டும். அவரிடம் ஆறு பெட்டிகள் இருந்தன. நான்கில் ஆள் இடுப்பு உயரத்துக்குக் குழாய்கள். ஒன்றில் கேமரா. கடைசிப் பெட்டி அளவில் சிறியது, கனத்தில் எல்லாவற்றையும் தோற்கடித்தது. திறந்து பார்த்தால் ஈயக்கட்டி.

"இதை எதுக்குக்கா மலைக்குக் கொண்டுவந்தீங்க?"

"முங்குறதுக்கு. இது இடுப்புல இல்லன்னா மேல மிதந்துட்டே இருப்போம்."

"இங்க முங்குறதுக்கு எங்க இருக்கு தண்ணி?"

"அதை நீங்கதான் காட்டணும்" என்றார். அன்றிலிருந்து நான் அவருடைய ஆள் ஆகிவிட்டேன்.

வயது ஐம்பது இருக்கும். ஆண்கள் போடும் முழுக்கைச் சட்டை. உப்பில் ஊறிச் செம்பட்டையான முடி. தூத்துக்குடிப் பக்கம் ஏதோ கடற்கரைக் கிராமம். இடது காது கேட்காது. ஆழத்தில் போய்ப் போய் அடைத்துவிட்டதாம். அதனால் யாராவது பேசினால் முகத்தைப் பார்க்கமாட்டார், தோளைப் பார்ப்பார். தோள் ஏறுகிறதா, இறங்குகிறதா, மூச்சு எங்கே நிற்கிறது என்பதெல்லாம் அவருக்குக் கண்ணாலேயே தெரியும். நின்றுவிட்டால் பொறுக்கமாட்டார். எதிரில் இருப்பது யார் என்று பார்க்காமல் சொல்லிவிடுவார்.

அன்றைக்கே செக்போஸ்டில் சொன்னார். அங்கே இருந்த காவலர் குழாய்களைத் தட்டிப் பார்த்துவிட்டு, "எந்தா இது? கேஸ் சிலிண்டரோ?" என்றார்.

"கேஸ் இல்ல சார். காத்து."

"எந்து?"

"காத்து சார். வெறும் காத்து."

அவர் உள்ளே இருந்த இன்னொரு காவலரைக் கூப்பிட்டார். அவருக்குத் தமிழ் நன்றாக வரும். விஷயத்தைக் கேட்டுவிட்டு எங்களைப் பார்த்தார். "சேச்சி, ஆளுங்க காத்து வாங்கத்தான் இந்த மலைக்கு வர்றது. நீங்க கீழேயிருந்து காத்து கொண்டுவர்றீங்களா? இங்க உள்ளதுக்கு என்ன குறை?"

சொன்னால் நம்பமாட்டார் என்று அக்கா ஒரு குழாயின் திருகைக் கொஞ்சம் திறந்தார். 'புஸ்' என்று ஒரு சத்தம் வந்தது பாருங்கள், காவலரின் தொப்பி பின்னால் போய் விழுந்தது. பக்கத்திலிருந்த அன்னாசிக்காரர் கடையை விட்டுவிட்டு ஓடினார். காவலர் மட்டும் அசையாமல் நின்றார். தைரியத்தால் இல்லை, உறைந்துபோய்.

"மூச்சு விடுங்க சார்" என்றார் அக்கா.

அவர் விட்டார். விட்ட பிறகுதான் எங்களையும் விட்டார்.

அக்கா கடலுக்கு அடியில் போய்ப் படம் எடுப்பவர். சினிமா இல்லை, உண்மைப்படம். மனிதருக்கும் கடலுக்கும் என்ன ஒட்டு என்பதுதான் விஷயம். நான்கு வருடமாக எடுத்துக்கொண்டிருந்தார். வலை இழுப்பவர், உப்பளத்தில் கால் வெந்தவர், கப்பலில் சமைத்தவர், கடலில் பிள்ளையைக் கொடுத்தவர் எல்லோரும் பேசி முடித்திருந்தார்கள். ஒரு துண்டு மட்டும் பாக்கி. கடலையே பார்த்திராத ஒருவரை மலையிலிருந்து அழைத்துப்போய், அவர் முதல் தடவையாகக் கடலைப் பார்ப்பதையும், முதல் தடவையாகத் தலையை முக்குவதையும் தண்ணீருக்குள் இருந்து எடுக்க வேண்டும். மழை பிடிப்பதற்குள் அதை முடித்தாக வேண்டும். படத்தை எடுக்கச் சொன்னவர்கள் வைத்த கெடு அதுதான். தவறினால் நான்கு வருட வேலையும் பெட்டிக்குள் போய்விடும். அவர் வந்து இறங்கியது சித்திரை பிறந்த வாரம்.

"மலையில கடல் பாக்காத ஆளுக்கா பஞ்சம்?" என்றேன் நான். அப்போது உண்மையிலேயே அப்படித்தான் நினைத்தேன்.

உடும்பஞ்சோலை, வண்டன்மேடு என்று எஸ்டேட் லயங்களில் வீடு வீடாக ஏறி இறங்கினோம். லயம் என்றால் வரிசையாக ஒட்டிக் கட்டிய தொழிலாளர் வீடுகள். முதல் வீட்டில் கேட்டோம். "கடலா? வேளாங்கண்ணியில பாத்திருக்கோமே." இரண்டாம் வீட்டில் வேளாங்கண்ணி, மொட்டை போட்ட போட்டோவுடன். மூன்றாம் வீட்டில் சாமி வேறு, திருச்செந்தூர். நான்காம் வீட்டில் அப்பாவின் அஸ்தி, ராமேஸ்வரம். வயிற்றில் இருக்கும்போதே கடலுக்குப் போய்வந்த குழந்தை ஒன்றையும் காட்டினார்கள்.

பத்து நாளில் ஒரே ஒருவர், மரம் அறுக்கும் மனிதர், "நான் பாத்ததில்ல" என்றார். அக்கா கேமராவையே எடுத்துவிட்டார். உள்ளே அரிசி களைந்துகொண்டிருந்த மனைவி அங்கிருந்தே கேட்டார்: "ஏன், கல்யாணம் முடிஞ்சு கன்னியாகுமரி போனமே?"

"போனோம். ஒரே கூட்டம். நீ எங்கயோ போயிட்ட. நான் உன்னைய தேடுனேனே தவிர கடலை எங்க பாத்தேன்?"

"தேடுன எடம் கடல்தான?"

"ஆமா, ஆனா நான் பொம்பளைகளைத்தான் பாத்தேன்."

அந்த வீட்டில் அதன் பிறகு நாங்கள் இருப்பது சரியில்லை என்று கிளம்பிவிட்டோம்.

வண்டன்மேட்டில் ஒரு டீக்கடைக்காரர். சாந்தமான முகம், பேச்சில் பாதி மலையாளம். அக்கா அவரிடம் கேமராவை வைத்துக்கொண்டு, "கடலைப் பத்தி உங்க மனசுல இருக்கிறதைச் சொல்லுங்க அண்ணாச்சி" என்றார்.

அவர் கண்ணை மூடி யோசித்தார். "அது இல்லாம எங்களுக்குக் காலையில விடியாது" என்றார்.

அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"எங்கம்மா காலத்திலேயே அப்படித்தான். ராத்திரி முழுக்க ஊறணும். அவசரப்படக் கூடாது. அவசரப்பட்டா உள்ளுக்குள்ள கல்லா நின்னுரும். பொறுமையா இருந்தா, தொட்டாலே கரையும்."

அக்காவுக்குக் கண் கலங்கிவிட்டது. அவர் சொன்னதை அப்படியே ஐந்து நிமிடம் எடுத்தார். கடைசியில் கடைக்காரர், "புட்டுக்கு அதை விட்டா வேற என்ன இருக்கு? இருங்க, ஒரு பிளேட் கொண்டாறேன்" என்று எழுந்தபோதுதான், அவர் பேசியது கொண்டைக்கடலையைப் பற்றி என்று எங்களுக்குப் புரிந்தது. அக்கா இரண்டு பிளேட் சாப்பிட்டார். "அவரு ஒரு எடத்துல கூட மூச்சு பிடிக்கல, கவனிச்சியளா? மனசுலேருந்து பேசுனாரு" என்றார்.

அவருக்கு அதுதான் அளவுகோல். பொய் சொல்கிறவன் சொல்வதற்கு முன்னால் ஒரு நொடி மூச்சை நிறுத்துவான் என்பார். சாப்பாட்டுக்கடையில் மீன் நேற்றையதா இன்றையதா என்று கேட்டுவிட்டு பரிமாறுகிறவரின் தோளைப் பார்ப்பார். பார்த்துவிட்டு சாம்பார் வாங்குவார். அப்படி ஒரு மத்தியானம் சாம்பார் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, இந்த மூச்சு விஷயம் எங்கேயிருந்து பிடித்தது என்று கேட்டேன்.

"எங்கப்பா சங்கு குளிக்கப் போவாரு. குழாயெல்லாம் கிடையாது, தம் பிடிச்சுத்தான் முங்கணும். ஒரு நாளு ஒரு சங்குக்காக ஒரு நொடி கூடப் பிடிச்சிட்டாரு" என்றார். பிறகு, "அந்த அப்பளத்தை இங்கிட்டுத் தள்ளுங்க" என்றார். என் அப்பா மரம் விழுந்து போனவர். நானும் அப்பளத்தைத் தள்ளினேன்.

தண்ணீருக்குள் விளக்குப் பிடிக்க அவருக்கு ஓர் ஆள் வேண்டும். அதற்கு என்னைப் பழக்க முடிவு செய்தார். இடம் தேடியபோதுதான் படுதாக்குளம் நினைவுக்கு வந்தது. ஏலத்தோட்டக்காரர்கள் கோடைக்குத் தண்ணீர் சேர்க்க மலைச்சரிவில் பெரிய பள்ளம் தோண்டி, அடியில் கெட்டியான பிளாஸ்டிக் படுதா விரித்து வைத்திருப்பார்கள். எனக்குத் தெரிந்த ஒரு தோட்டக்காரச் சேட்டன் சம்மதித்தார். ஆனால் படுதா கிழிந்தால் ஒரு வருடத் தண்ணீர் போய்விடும் என்று அவருக்குப் பயம். அக்காவைக் கல்லில் உட்காரவைத்து இருபது நகத்தையும் வெட்டச் சொன்னார். என் அரைஞாண் கயிற்றில் இருந்த தாயத்தைக் கழற்றச் சொன்னார். கடைசியில் எங்கள் பல்லையும் ஒரு தடவை பார்த்துக்கொண்டார்.

"உள்ள போனதும் ஒண்ணே ஒண்ணுதான்" என்றார் அக்கா. "மூச்சைப் பிடிக்கவே கூடாது. குழாய் வழியா இழுக்கணும், விடணும். மேல வரும்போது பிடிச்சீங்கன்னா நெஞ்சு வெடிச்சிரும்."

நான் தலையாட்டினேன். தண்ணீர் கழுத்துக்கு வந்தது, இடுப்பில் ஈயம் இழுத்தது. கனம் என்று உடம்புக்குத் தெரிந்ததுமே இருபது வருடப் பழக்கம் முந்திக்கொண்டது. நான் தம் பிடித்துவிட்டேன். அவர் என் வயிற்றில் ஒரு குத்து விட்டார். குமிழி குமிழியாக மூச்சு வெளியே போனது. அதன் பிறகு இழுத்தேன், விட்டேன். பச்சைத் தண்ணீர், மேலே வெயில் ஆடுகிறது. சத்தமே இல்லை. வாழ்க்கையில் முதல் தடவையாகக் கனத்தோடு நின்றும் மூச்சு விட்டுக்கொண்டிருந்தேன். பிரமாதம் என்று கட்டைவிரலை உயர்த்திக் காட்டினேன்.

அவர் உடனே என் கையைப் பிடித்து மேலே கொண்டுவந்துவிட்டார்.

மறுபடி இறங்கினோம். நன்றாகத்தான் இருந்தது. கட்டைவிரலைக் காட்டினேன். மறுபடி மேலே. மூன்றாவது தடவையும் அப்படியே ஆனபோது வாய்க்குழாயைத் துப்பிவிட்டு, "நல்லாயிருக்குன்னு சொன்னா ஏங்கா வெளிய இழுக்குறீங்க?" என்று கத்தினேன்.

"கட்டைவிரலைக் காட்டுனா மேல போகணும்னு அர்த்தம். நல்லாயிருந்தா விரலை வட்டமா வைக்கணும். சொல்லலையா நான்?"

"சொல்லல."

"அப்ப என் தப்புதான்" என்றார். தப்பு என்று தெரிந்தால் அவருக்கு அதை ஒத்துக்கொள்ள அரை நொடி கூட ஆகாது. கரையில் நின்ற சேட்டன் மூன்று தடவையும் படுதா கிழிந்துதான் மேலே வருகிறோம் என்று நினைத்து நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவரையும் மூச்சு விடச் சொல்லிவிட்டுக் கிளம்பினோம்.

வைகாசி பாதி போய்விட்டது. கருத்த மேகம் மலைக்குப் பின்னால் எட்டிப் பார்க்கத் தொடங்கிவிட்டது. அப்போதுதான் ஒரு லயத்தில், ஆறு தடவை வேளாங்கண்ணிக்குப் போய்வந்த ரோசம்மா என்ற ஏலக்காய் எடுக்கும் பெண், "கடல் பாக்காத ஆளா? எங்க மதினி இருக்கே" என்று சிரித்தார். "ஆனா அதுகிட்ட அப்படிச் சொல்லிறாதீங்க, அருவா எடுத்துரும்."

ரோசம்மாவின் அண்ணன் மனைவி தவமணி. ஐம்பத்தைந்து வயது, ஏலக்காய் பொறுக்கித் தரம் பிரிக்கிற வேலை. இருபத்தைந்து வருடத்துக்கு முன்னால் லயத்திலிருந்து வேளாங்கண்ணிக்கு ஒரு பஸ் போனது. தவமணியும் போனார். எல்லோரும் கடலுக்குக் குளிக்கப் போன பகலில் அவருக்கு வாந்தி. மண்டபத்தில் படுத்துக் கிடந்தார். ஆனால் அதற்கு முன்னால், விடியற்காலையில் எல்லோரும் தூங்கும்போது, தான் மட்டும் தனியாகப் போய்க் கடலைப் பார்த்துவிட்டு வந்ததாகச் சொன்னார். சும்மா இருந்திருந்தால் ஒன்றுமில்லை. கடலுக்கு அக்கரையையும் பார்த்ததாகச் சொன்னார். அன்றிலிருந்து லயத்தில் அவருக்கு அக்கரைக்காரி என்று பெயர்.

அவரே எங்களுக்குச் சொன்னார். கேமராவைப் பார்த்து, பயமில்லாமல். "முதல்ல ஒண்ணும் தெரியல. எதிர ஒரே மஞ்சு. நம்ம மலையில இல்லையா, காலையில எதிர்மலையை மூடியிருக்குமே, அப்படி. மஞ்சு இருந்தா பின்னாடி மலை இருக்கும்தானே? நின்னேன். சூரியன் வந்துச்சு, மஞ்சு விலகுச்சு. அந்தா அக்கரை. நீளமா, கருப்பா. ஒரு மாடு மேஞ்சுக்கிட்டு இருந்துச்சு."

"மாட்டையுமா பாத்தீங்க?" என்று நான் கேட்டுவிட்டேன்.

"செவலை மாடு."

"இவுங்கள்லாம் பாக்கலங்கிறாங்களே?"

"இவளுக பகல் பத்து மணிக்கு, பொரி தின்னுக்கிட்டுப் போனாளுக. அந்நேரம் திரும்பவும் மூடியிருக்கும். அதுக்கு நான் என்ன செய்ய?"

வெளியே வந்ததும் அக்கா கேமராவைத் துடைத்து உறையில் போட்டார். பிறகு, "ஒரு எடத்துலயும் மூச்சு நிக்கல" என்றார். "மாட்டைச் சொன்னப்பவும் நிக்கல. அந்தம்மா என்னத்தையோ பாத்திருக்காங்க."

"மேகமா இருக்கும்கா. இல்லன்னா ஆத்துக் கழிமுகம். கடல்னு நெனச்சிருக்கும். எப்படியும் கடலைப் பாக்கல. நமக்கு அதுதானே வேணும்?"

மறுநாள் தவமணியைக் கடலுக்குக் கூப்பிட்டோம். வருகிறேன் என்றார். ஆனால் ஒரு நிபந்தனை. "நீங்க கடலுக்கு அடி வரைக்கும் போனவுக. ஞாயித்துக்கெழம பூசை முடிஞ்சு எல்லாரும் நிப்பாக. கடலுக்கு அக்கரை உண்டா இல்லையான்னு அத்தனை பேர் முன்னாடியும் சொல்லுங்க. அதுக்கப்புறம் நீங்க எங்க கூப்பிட்டாலும் வாறேன்."

அந்த வாரம் முழுக்க நான் அக்காவிடம் மன்றாடினேன். இல்லை என்று சொல்லிவிடுங்கள், தவமணிக்கு ரோசம் வந்துவிடும், நிரூபிக்கிறேன் என்று கடலுக்கு அவரே முன்னால் ஓடுவார், படமும் முடிந்துவிடும். அக்கா கேட்டுக்கொண்டே வந்தார். கடைசியில், "நீங்க இப்ப மூச்சைப் பிடிச்சுக்கிட்டுப் பேசுதிய" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை லயத்துச் சிறு கோயிலின் முன்னால் ஐம்பது பேராவது இருந்தார்கள். தவமணி பட்டு கட்டி, பூ வைத்து, சாட்சிக்கூண்டில் நிற்பதுபோல் நின்றார். ரோசம்மா எதிர்க்கட்சி வக்கீல்.

"டைரக்டரக்கா, நேரா கேக்குறேன். கடலுக்கு அக்கரை உண்டா?"

அக்கா தவமணியின் தோளைப் பார்த்தார். ஐம்பது தோள்களையும் பார்த்தார். எல்லாம் நின்றுபோயிருந்தன.

"மூச்சு விடுங்க எல்லாரும்" என்றார். "உண்டு. அக்கரை இல்லாத கடலே கிடையாது. இல்லன்னா தண்ணி எப்படி நிக்கும்?"

கூட்டத்தில் ஒரு சலசலப்பு. "அதானே, படுதாக்குளத்துக்கே நாலு பக்கம் கரை இருக்கு" என்று ஒரு பெரியவர் சொன்னார். இருபத்தைந்து வருடமாக இது தனக்குத் தோன்றவில்லையே என்ற வருத்தம் அவர் முகத்தில் தெரிந்தது.

ரோசம்மா விடவில்லை. "மாடு?"

"அங்கயும் பால் குடிக்கவங்க இருப்பாங்கல்ல?"

"சரி. கண்ணுக்குத் தெரியுமா? அதைச் சொல்லுங்க."

"நான் பாத்ததில்ல" என்றார் அக்கா. "ஆனா இந்தம்மா பொய் சொல்லல. அவங்க பாத்ததைத்தான் சொல்லுதாங்க."

அவ்வளவுதான். யாரோ கை தட்டினார்கள். தவமணி அழவில்லை, தலையில் இருந்த பூவை எடுத்துப் பாதியைக் கிள்ளி அக்காவின் செம்பட்டை முடியில் வைத்தார். அன்று மத்தியானம் அவர் வீட்டில் எங்களுக்குக் கோழி. சாப்பிட்டு முடித்து, செவ்வாய்க்கிழமை காலை ஜீப் வரும், தயாராக இருங்கள் என்று அக்கா சொன்னார்.

"எதுக்கு?" என்றார் தவமணி.

"கடலுக்கு."

"கடல் பாக்காத ஆளுதானே உங்களுக்கு வேணும்? நான் பாத்திருக்கேன்னு நீங்களே எல்லார் முன்னாடியும் சொல்லிட்டீங்களே. இனிமே நான் பாக்காத மாதிரி வந்து நின்னா அது பொய்யாயிராது?"

தோளைப் பார்க்கத் தேவையே இல்லாமல் ஒருவர் அக்காவிடம் உண்மை பேசியதை நான் அப்போதுதான் பார்த்தேன். வெளியே வந்து பாறை மேல் உட்கார்ந்தவர் வெகு நேரம் எழவில்லை. நான்கு வருடம். என்னைத் திட்டியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அவர் அந்தப் பூவைக் கூட எடுக்கவில்லை. "அந்தம்மா சொன்னதுல தப்பே இல்ல" என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் காலை பெட்டிகளைக் கட்டிக்கொண்டிருந்தோம். முதல் மழைத் தூறல் விழுந்துகொண்டிருந்தது. குடையும் ஒரு துணிப்பையுமாக ரோசம்மா வந்து நின்றார். இரவெல்லாம் தூங்காத கண்.

"நான் வரட்டுமா?"

"நீங்க ஆறு தடவ பாத்திருக்கீங்களேம்மா" என்றார் அக்கா.

"ஆறு தடவையும் போனேன். கும்பிட்டேன், கால் நனைச்சேன், புள்ளைகளைக் கரையேத்தினேன், பொரி வாங்கினேன், ஆளை எண்ணிப் பஸ்ஸுல ஏத்தினேன். எதிர என்ன இருக்குன்னு ஒரு தடவ கூட நிமிந்து பாக்கல. பாக்காமலே இருபத்தஞ்சு வருசம் எங்க மதினியைச் சிரிச்சிருக்கேன்."

அக்கா அவருடைய தோளைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்து, விரலை வட்டமாக வைத்துக் காட்டினார்.

மூன்று நாள் இருந்தோம். வேளாங்கண்ணிக் கூட்டத்திலிருந்து தள்ளி, படகுகள் ஏற்றி வைத்திருக்கிற மணல். விடியும் முன்னால் ரோசம்மா போய் உட்காருவார். குடையைப் பிடித்தபடி எதிரே பார்ப்பார். சாப்பாட்டை அங்கேயே கொண்டுபோய்க் கொடுத்தேன். வலை தட்டிக்கொண்டிருந்த ஒரு மீனவர் பொறுக்காமல் வந்து கேட்டார். "ஏம்மா, ஆளு யாரும் கடலுக்குள்ள போயிருக்காகளா? இப்படிப் பாத்துக்கிட்டு இருக்கீங்களே."

"இல்லய்யா. அக்கரை தெரியுதான்னு பாக்குறேன்."

"அக்கரையா? அதுக்கு வேற தேசத்துக்குல்ல போகணும்?"

"போக வேண்டாம். மஞ்சு விலகுனா போதும்."

அவர் திரும்பி ஒரு தடவை கடலைப் பார்த்தார். பிறந்ததிலிருந்து பார்த்த கடல். குனிந்து வலையை எடுத்தவர் மறுபடியும் ஒரு தடவை பார்த்துவிட்டுத்தான் போனார்.

தலையை முக்க வைக்கலாம் என்று அக்கா இரண்டு தடவை கேட்டுப் பார்த்தார். ரோசம்மா ஒரே பதில்தான் சொன்னார். "தண்ணிக்குள்ள போனா கண்ணை மூடணும். நான் கண்ணைத் தொறந்து பாக்க வந்தவ." தண்ணீருக்குள் இருந்து முகத்தை எடுக்கிற திட்டம் அதோடு போனது. கொண்டுவந்த ஈயக்கட்டி பெட்டியிலேயே கிடந்தது.

மூன்றாம் நாள் காலை அக்கா கேமராவைத் தூக்கிக்கொண்டு தனியாகக் கடலுக்குள் இறங்கினார். அவர் இடுப்பில் கட்டிய கயிற்றின் மறுமுனையை நான் பிடித்திருந்தேன். அலை உடைகிற இடத்தைத் தாண்டிப் போய், முங்கி, வெகு தூரத்தில் ஒரு புள்ளியாக எழுந்தார். கேமரா பாதி தண்ணீரிலும் பாதி வெளியிலுமாக இருக்க, கரையைப் பார்த்தபடி ஒரு மணி நேரம் மிதந்தார். பிறகு கேமராவை அணைக்காமல் அப்படியே நடந்து மேலே வந்தார்.

ரோசம்மா எழுந்து நின்றுவிட்டார். அவ்வளவு தூரம் போனவருக்குத் தெரிந்திருக்கும் அல்லவா?

"அக்கரை தெரிஞ்சுதா?"

"தெரிஞ்சுதும்மா."

"மாதாவே! எப்படி இருந்துச்சு?"

"நல்ல மணல். படகு ஏத்திப் போட்டிருக்காங்க. ஒரு பொம்பள குடை பிடிச்சுக்கிட்டு உக்காந்திருக்காங்க. கடலையே பாத்துக்கிட்டு."

ரோசம்மா தன் குடையைப் பார்த்தார். மணலைப் பார்த்தார். "அது நான்ல?" என்றார்.

"அங்கேருந்து பாத்தா நீங்கதான் அக்கரை."

ரோசம்மா யோசித்தார். அலை வந்து அவர் காலை நனைத்துவிட்டுப் போனது, அதைக் கவனிக்கவில்லை. நன்றாக யோசித்துவிட்டு, உண்மையான சந்தேகத்தோடு கேட்டார்:

"அப்ப எங்க மதினி பாத்தது யாரை?"

படம் அந்தக் கேள்வியோடுதான் முடிகிறது. அந்த இடத்தில் திரை கொஞ்சம் ஆடும். பார்த்தவர்கள் அலை என்று நினைத்துக்கொள்கிறார்கள். அது அலை இல்லை, அக்கா சிரித்தது.